கீறாத காய்: துருக்கியின் கசகசாத் தடை, 1971–1981

எடுத்துக்கொண்ட நிகழ்வு

1971 ஜூன் 30 அன்று துருக்கி அரசு ஓர் ஆணை பிறப்பித்தது. அதன்படி 1972 இலையுதிர் காலம் முதல் நாட்டில் எங்கும் கசகசாச் செடி விதைக்கக் கூடாது. சரியாக மூன்று ஆண்டும் ஒரு நாளும் கழித்து, 1974 ஜூலை 1 அன்று, வேறொரு அரசு அந்த ஆணையை நீக்கியது. இரண்டு முடிவுகளுக்கும் இடையே துருக்கி, அமெரிக்கா என்ற இரண்டு நாடுகளின் உறவு கசந்தது, ஒரு தேர்தல் நடந்தது, மேற்கு அனத்தோலியாவில் பல பத்தாயிரம் குடும்பங்கள் தம் சமையல் எண்ணெயைக் கடையில் வாங்கத் தொடங்கின.

பனிப்போர்க் காலத் துருக்கி என்றால் ஏவுகணைகள், ஜலசந்தி, சைப்ரஸ் என்றுதான் பேச்சு தொடங்கும். நான் கசகசாவை எடுத்ததற்குக் காரணம் உண்டு. வல்லரசு ஒன்றின் உள்நாட்டுக் கவலை, கூட்டாளி நாட்டின் ஓர் உழவரின் கொல்லை வரை எப்படி வந்து சேர்ந்தது என்பதை முதலிலிருந்து கடைசி வரை பார்க்கக் கிடைக்கும் நிகழ்வுகள் குறைவு. இது அப்படிப்பட்ட ஒன்று. தலைவர்களின் பெயர்கள் பதிவில் இருப்பதால் இங்கும் வருகின்றன. விவசாயிகள் பெயரில்லாமல் வருகிறார்கள். கோப்புகளிலும் அவர்கள் அப்படித்தான் இருந்தார்கள்.

பின்னணி: செடி

கசகசாச் செடியில் இருந்து இரண்டு பொருள்கள் கிடைக்கின்றன. பூ உதிர்ந்த பின் பச்சைக் காயை மாலையில் கத்தியால் லேசாகக் கீறிவிட்டால் பால் கசியும். இரவில் அது உறைந்து பழுப்பாகும். காலையில் சுரண்டி எடுப்பார்கள். அதுதான் அபின். அதே காயை முற்றவிட்டு உடைத்தால் உள்ளே விதை, நம் வீட்டுக் குருமாவில் அரைபடும் அதே கசகசா. விதையில் போதை இல்லை.

மேற்கு அனத்தோலியாவில் உள்ள அஃபியோன்கராஹிசார் (சுருக்கமாக அஃபியோன்) என்ற ஊரின் பெயரிலேயே அபின் இருக்கிறது. நம் 'அபின்', அவர்களுடைய 'அஃபியோன்' இரண்டும் ஒரே வேரிலிருந்து வந்தவை. அந்த வட்டாரத்தில் செடியின் எந்தப் பகுதியும் வீணாவதில்லை. இளம் இலையைப் பச்சையாகவே கறிக்குச் சேர்த்துக்கொள்வார்கள். விதையை வறுத்து அரைத்து ரொட்டி மாவில் மடித்துச் சுடுவார்கள். விதையை ஆட்டி எண்ணெய் எடுப்பார்கள், புண்ணாக்கு மாட்டுக்கு. காய்ந்த தண்டு குளிர்காலத்தில் அடுப்புக்கு. அபின் மட்டும் வீட்டைவிட்டு வெளியே போகும் பொருள், பணமாகத் திரும்பி வரும்.

அந்தப் பணம் இரண்டு வழிகளில் வந்தது. 1938-இல் அமைந்த அரசுக் கொள்முதல் நிறுவனத்துக்கு அபினை வாங்கும் ஏகபோக உரிமை இருந்தது. விவசாயிகள் அதைச் சுருக்கமாக 'ஓஃபிஸ்' என்பார்கள். ஓஃபிஸில் ஒப்படைத்தது போக மிஞ்சியதை இரவில் வரும் வியாபாரி அதைவிட நல்ல விலைக்கு எடுத்துக்கொண்டார். அது மார்ஃபின் என்ற மூலப்பொருளாக மாறி இஸ்தான்புல் வழியாகவும் நிலவழியாகவும் பிரான்சின் மார்செய் நகரை அடைந்து, அங்கே ஹெராயினாகி, நியூயார்க்கில் இறங்கியது. எல்லோரும் அப்படி விற்றார்கள் என்று சொல்ல முடியாது. விற்றவர்களையும் மற்றவர்களையும் வேறுபடுத்திப் பார்க்க அரசிடம் ஒரு வழியும் இல்லை. இந்த நிகழ்வின் முடிச்சு இதுதான்.

பின்னணி: கூட்டணி

துருக்கி 1952-இல் நேட்டோவில் சேர்ந்தது. சோவியத் ஒன்றியத்தோடு எல்லையும் கருங்கடலும் பகிர்ந்த நாடு. எனவே இன்சிர்லிக் விமானத் தளமும், சினோப் போன்ற இடங்களில் இருந்த ஒட்டுக்கேட்பு நிலையங்களும் அமெரிக்காவுக்கு மிகவும் வேண்டியவையாக இருந்தன.

உறவில் முதல் விரிசல் 1964 ஜூன் 5 அன்று விழுந்தது. துருக்கி சைப்ரஸில் தலையிட்டால், அதனால் சோவியத் தாக்குதல் வந்தால், நேட்டோ துணைக்கு வரும் என்று எண்ண வேண்டாம் என்ற பொருளில் அதிபர் ஜான்சன் பிரதமர் இனோனுவுக்குக் கடிதம் எழுதினார். அமெரிக்கா தந்த ஆயுதங்களை அதற்குப் பயன்படுத்தவும் கூடாது என்றார். 1966-இல் அந்தக் கடிதம் செய்தித்தாளில் வெளியானதும் பொதுமக்களின் மனநிலை மாறியது. 1968-இல் அமெரிக்காவின் ஆறாவது கடற்படைப் பிரிவின் மாலுமிகளை இஸ்தான்புல் மாணவர்கள் கடலில் தள்ளினார்கள். 1969 ஜனவரியில் அங்காராவின் மத்தியகிழக்குத் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வளாகத்தில் அமெரிக்கத் தூதரின் கார் எரிக்கப்பட்டது.

அரசு மட்டத்தில் மாற்றம் இன்னும் மெதுவாக, இன்னும் கணக்காக நடந்தது. 1967-இல் மாஸ்கோவுடன் பொருளாதார ஒப்பந்தம் கையெழுத்தானது. இஸ்கெந்தெருன் இரும்பாலை, அலியாஆ எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை, செய்திஷெஹிர் அலுமினிய ஆலை எல்லாம் அதிலிருந்து வந்தவை. செய்திஷெஹிர் கோன்யா மாகாணத்தில் இருக்கிறது. கோன்யாவின் சில பகுதிகள் கசகசா விளையும் நிலம். நேட்டோ உறுப்பினரான ஒரு நாட்டின் ஒரே மாகாணத்தில் சோவியத் பொறியாளர்கள் ஆலை கட்டிக்கொண்டிருக்க, அதே மாகாணத்தின் கசகசா வயல்கள் அமெரிக்க அதிகாரிகளின் கவலைப் பட்டியலில் இருந்தன. எழுபதுகளின் துருக்கியை எனக்கு விளக்கச் சொன்னால் இந்த ஒரு படத்தைத்தான் காட்டுவேன்.

1971: முதல் முடிவு

அமெரிக்கத் தெருக்களுக்கு வரும் ஹெராயினில் 80 விழுக்காடு துருக்கி அபினிலிருந்து வருவதாக அமெரிக்க அதிகாரிகள் சொல்லிவந்தார்கள். அந்த எண் எப்படி வந்தது என்று அப்போதே கேள்விகள் எழுந்தன. ஆனால் அரசியலுக்கு அது போதுமானதாக இருந்தது. விளைச்சலை மொத்தமாக விலைக்கு வாங்கி அழித்துவிடலாம் என்ற யோசனைகூட வாஷிங்டனில் எழுந்தது.

பிரதமர் சுலைமான் தெமிரெல் நடுவழியில் நின்றார். அவரது நீதிக் கட்சியின் வாக்குகள் கிராமத்தில் இருந்தன. சாகுபடி அனுமதி பெற்ற மாகாணங்களின் எண்ணிக்கையை ஆண்டுக்கு ஆண்டு குறைத்துக்கொண்டே வந்தார், முழுத் தடைக்கு மட்டும் ஒப்பவில்லை. உழவரைச் சந்திக்க வேண்டியவர் எவ்வளவு தூரம் போவாரோ அவ்வளவுதான் போனார்.

1971 மார்ச் 12 அன்று படைத்தளபதிகள் கொடுத்த எச்சரிக்கைக் கடிதத்தால் தெமிரெல் பதவி விலகினார். கட்சிகளுக்கு அப்பாற்பட்டது என்று சொல்லப்பட்ட அரசு நிஹாத் எரிம் தலைமையில் அமைந்தது. ஜூன் 17 அன்று நிக்சன் போதைப்பொருளை அமெரிக்காவின் முதல் எதிரி என்று அறிவித்தார். பதின்மூன்று நாள் கழித்து அங்காராவிலிருந்து ஆணை வந்தது. கடைசிப் பருவத்தில் நான்கு மாகாணங்களில் மட்டும் விதைக்கலாம், அதன்பின் எங்கும் இல்லை. ஈடாக அமெரிக்கா சுமார் 35 மில்லியன் டாலர் தர ஒப்புக்கொண்டது. ஒரு பகுதி விவசாயிகளின் வருமான இழப்புக்கு, மீதி மாற்றுப் பயிருக்கும் வட்டார வளர்ச்சிக்கும்.

ஏன் இந்த முடிவு? எரிம் அரசின் தரப்பில் மூன்று காரணங்களைப் பார்க்க முடிகிறது. மனிதகுலத்துக்குத் தீங்கு செய்யும் நாடு என்ற பெயர் துருக்கிக்கு வேண்டாம் என்பது அறிவிக்கப்பட்ட காரணம். அமெரிக்க உதவி தொடர வேண்டும் என்பது அறிவிக்கப்படாத காரணம். மூன்றாவதை நான் சேர்க்கிறேன்: அந்த அரசு யாரிடமும் வாக்குக் கேட்டு வந்ததல்ல. தெமிரெல் இழக்க அஞ்சிய எதையும் எரிம் இழக்க வேண்டியிருக்கவில்லை.

வயலில் கண்டது

இழப்பீட்டைக் கணக்கிட எடுத்துக்கொண்ட அடிப்படை, ஓஃபிஸில் விவசாயி ஒப்படைத்த அபினின் அளவு. காகிதத்தில் இது நியாயமாகத் தெரியும். வயலில் இது வேறு விதமாக வேலை செய்தது. ஆண்டுக்கணக்கில் கொஞ்சம் ஒப்படைத்து மிச்சத்தை வெளியே விற்றவருக்குக் கணக்கில் இருந்தது கொஞ்சம்தான், இழப்பீடும் கொஞ்சம்தான். அவருக்காக யாரும் பரிந்து பேசமாட்டார்கள். விதையும் எண்ணெயும் புண்ணாக்கும் தண்டும் இழந்தவருக்கு, அவற்றுக்குக் கணக்கே இல்லை என்றபோது என்ன பதில்? விளைச்சலின் அளவு இழப்பீட்டோடு சேர்த்துப் பார்க்கப்படும் என்று தெரிந்ததும், தடைக்கு முந்தைய பருவத்தில் ஓஃபிஸுக்கு வந்த அபின் திடீரெனக் கூடியது. அதுவரை அந்த அபின் எங்கே போய்க்கொண்டிருந்தது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி தேவையில்லை.

மாற்றுப் பயிராகச் சூரியகாந்தி முன்வைக்கப்பட்டது. எண்ணெய்க்கு எண்ணெய் என்ற கணக்கு அது. ஆனால் அஃபியோன் ஏறத்தாழ ஆயிரம் மீட்டர் உயரத்தில் இருக்கும் வறண்ட மேட்டுநிலம். கசகசா இலையுதிர் காலத்தில் விதைத்து, பனிக்கடியில் குளிர்காலத்தைக் கழித்து, கோடைத் தொடக்கத்தில் பலன் தரும் பயிர். சின்னத் துண்டு நிலத்தில் வீட்டு ஆட்களே கீறிச் சுரண்டி எடுத்துவிடலாம். நிலம் குறைவாகவும் கைகள் அதிகமாகவும் இருக்கும் வீட்டுக்கு ஏற்றது. அந்த இடத்தை வேறு பயிர் எளிதில் பிடிக்கவில்லை. வளர்ச்சித் திட்டங்களும் பேசிய வேகத்தில் வந்து சேரவில்லை.

அமெரிக்கப் பக்கம் பார்த்தால், 1972–73-இல் கிழக்குக் கடற்கரை நகரங்களில் ஹெராயின் தட்டுப்பாடு உண்மையாகவே ஏற்பட்டது. மார்செய் கும்பல்கள் பிடிபட்டதும் அதே காலத்தில்தான். தட்டுப்பாட்டில் எவ்வளவு பங்கு தடைக்கு, எவ்வளவு பங்கு காவல்துறைக்கு என்று பிரித்துச் சொல்வது கடினம். விரைவிலேயே மெக்சிகோவிலிருந்து வந்த பழுப்பு ஹெராயின் அந்த இடத்தை நிரப்பியது.

இன்னொரு பக்கம் யாரும் எதிர்பார்க்காதது நடந்தது. இருமல் மருந்திலும் வலி மருந்திலும் சேரும் கோடீனுக்கு மூலப்பொருள் போதவில்லை. அமெரிக்கா தன் அவசரகாலச் சேமிப்பிலிருந்து அபினை வெளியே எடுக்க வேண்டியிருந்தது. இந்தியாவிடம் கூடுதலாகப் பயிரிடச் சொல்லப்பட்டது. துருக்கிப் பத்திரிகைகள் இதை விடவில்லை. எங்கள் உழவர் விதைத்தால் குற்றம், இந்திய உழவர் விதைத்தால் மருந்தா என்ற கேள்வி காபிக்கடை வரை வந்துவிட்டது. அதற்கு வாஷிங்டனிடம் ஒரு பதில் இருந்தது: இந்தியாவின் கட்டுப்பாட்டில் கசிவு குறைவு. அந்தப் பதில் சரியாகவே இருந்தாலும் அதை யாரும் கேட்கும் நிலையில் இல்லை.

1974: மறுமுடிவு

1973 அக்டோபர் தேர்தலில் தடையை நீக்குவது ஏறக்குறைய எல்லாப் பெரிய கட்சிகளின் வாக்குறுதியாகவும் ஆனது. இடதுசாரி, வலதுசாரி, சமயச் சார்பு என்று எதிலும் ஒத்துப்போகாதவர்கள் கசகசாவில் ஒத்துப்போனார்கள். 450 இடங்களில் 185 பெற்ற புலெந்த் எஜெவித்தின் குடியரசு மக்கள் கட்சி, நெஜ்மெத்தின் எர்பகானின் தேசிய மீட்புக் கட்சியோடு 1974 ஜனவரியில் கூட்டணி அமைத்தது. மதச்சார்பின்மைக் கட்சியும் இஸ்லாமியச் சார்புக் கட்சியும் ஒரே அமைச்சரவையில் அமர்ந்த விந்தையான கூட்டணி அது.

எஜெவித் உடனே தடையை நீக்கவில்லை. சில மாதங்கள் பேச்சுவார்த்தைக்கு இடம் விட்டார். அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர்கள் உதவியை நிறுத்தும் தீர்மானங்களோடு எச்சரித்தார்கள். அந்த எச்சரிக்கைகள் அங்காராவில் நேர்மாறான விளைவையே தந்தன. 1964 கடிதத்தின் நினைவு இருக்கும் ஊரில், அழுத்தத்துக்குப் பணிந்து தடையைத் தொடர்ந்தார் என்ற பெயரை எந்தப் பிரதமரும் சுமக்க முடியாது. ஜூலை 1 அன்று அஃபியோன், புர்துர், தெனிஸ்லி, இஸ்பார்த்தா, குத்தாஹ்யா, உஷாக், கோன்யாவின் சில பகுதிகள் என ஏழு மாகாணங்களில் சாகுபடிக்கு அனுமதி அறிவிக்கப்பட்டது.

சைப்ரஸ் குறுக்கிட்டது

பதினைந்தே நாளில் கதை வேறு பக்கம் திரும்பியது. ஜூலை 15 அன்று சைப்ரஸில் அதிபர் மக்காரியோஸுக்கு எதிராக ஆட்சிக் கவிழ்ப்பு நடந்தது. ஜூலை 20 அன்று துருக்கிப் படைகள் தீவில் இறங்கின. ஆகஸ்ட் 14 அன்று இரண்டாம் கட்டம். 1975 பிப்ரவரி 5 முதல் அமெரிக்க ஆயுதத் தடை நடைமுறைக்கு வந்தது. சட்டப்படி அதற்குக் காரணம் சைப்ரஸில் அமெரிக்க ஆயுதங்களைப் பயன்படுத்தியது. ஆனால் அமெரிக்க நாடாளுமன்றத்தில் துருக்கிமீதான கோபம் ஜூலை முதல் வாரத்திலேயே கசகசாவால் சூடேறியிருந்தது என்பதை மறந்துவிட்டு ஆயுதத் தடையின் கதையைச் சொல்வது பாதிக் கதை.

1975 ஜூலையில் ஆயுதத் தடையை நீக்கும் முயற்சி வாஷிங்டனில் தோற்றதும், மீண்டும் பிரதமராகியிருந்த தெமிரெல் அமெரிக்கத் தளங்களையும் நிலையங்களையும் துருக்கிப் படையின் கட்டுப்பாட்டில் கொண்டுவந்தார். இன்சிர்லிக் மட்டும் நேட்டோ பணிக்காக விடப்பட்டது. அதே ஆண்டு டிசம்பரில் சோவியத் பிரதமர் கோசிகின் இஸ்கெந்தெருன் இரும்பாலையைத் திறந்துவைக்க வந்தார். துருக்கி அணி மாறவில்லை, மாறும் எண்ணமும் இல்லை. அணிக்குள்ளிருந்தே எவ்வளவு தூரம் நகரலாம் என்று அளந்து பார்த்தது. 1978 செப்டம்பரில் ஆயுதத் தடை முழுவதும் நீங்கியது.

கீறாத காய்

இந்தச் சத்தத்தின் நடுவே, செய்தித்தாளின் உள்பக்கத்தில், சிக்கலின் உண்மையான தீர்வு வந்தது. ஐக்கிய நாடுகள் நிபுணர்களோடு கலந்து பேசியபின், 1974 இறுதியில் துருக்கி ஒரு விதியை அறிவித்தது: விதைக்கலாம், ஆனால் காயைக் கீறக் கூடாது. காயை முற்றவிட்டு, உடைத்து விதையை எடுத்துக்கொள்ளலாம். வெறும் கூட்டை ஓஃபிஸ் வாங்கிக்கொள்ளும்.

காய்ந்த கூட்டிலும் மார்ஃபின் இருக்கிறது, ஆனால் மிகக் குறைவு. டன் கணக்கில் கூடு வேண்டும், பெரிய ஆலை வேண்டும், நிறைய கரைப்பான் வேண்டும். கூட்டைப் பையில் போட்டுக்கொண்டு எல்லை தாண்டி யாரும் பணக்காரர் ஆக முடியாது. இந்த முறை புதிதல்ல. ஹங்கேரியின் யானோஷ் கபாய் என்ற மருந்தாளர் 1930-களின் தொடக்கத்திலேயே உலர்ந்த காயிலிருந்து மார்ஃபின் பிரிக்கும் வழியைக் கண்டிருந்தார். 1971-இல் இரு தரப்பும் மேசைக்கு வந்தபோது அதற்கு வயது நாற்பது.

எனக்கு இந்த நிகழ்வில் மிகவும் உறுத்துவது இந்த இடம்தான். வாஷிங்டனுக்குப் பயம் பாலைப் பற்றி. உழவரின் வீட்டுக்கு வேண்டியது விதை, கொஞ்சம் ரொக்கம். இரண்டும் ஒரே காயில் இருந்ததால், செடியை விதைக்கலாமா என்றே மூன்று ஆண்டு சண்டை நடந்தது. காயைக் கீறலாமா என்று யாரும் கேட்கவில்லை.

அமலாக்கமும் எளிதானது. பால் எவ்வளவு, ஒப்படைத்தது எவ்வளவு என்று கணக்குப் பார்ப்பது யாராலும் முடியாத வேலை. காயில் கீறல் இருக்கிறதா என்று பார்ப்பதற்குக் கண் போதும். ஓஃபிஸ் ஆட்களும் ழாந்தார்மா என்ற கிராமப்புறக் காவல்படையினரும் வயலுக்கு வந்து பார்த்தார்கள். முன்பு ஒழுங்கானவரையும் கடத்தல்காரரையும் பிரித்தறிய வழியில்லாமல் இருந்த இடத்தில், இப்போது காய் பேசியது.

விளைவு

ஆரம்ப ஆண்டுகளில் துருக்கியிடம் ஆலை இல்லை. கூடுகள் ஐரோப்பிய மருந்து ஆலைகளுக்கு ஏற்றுமதியாயின. அஃபியோன் மாகாணத்தின் போல்வாதின் ஊரில் அரசு கட்டிய ஆல்கலாய்டு ஆலை (கூட்டிலிருந்து மார்ஃபின் போன்றவற்றைப் பிரிக்கும் ஆலை) 1981-இல் உற்பத்தியைத் தொடங்கியது. ஆண்டுக்கு 20,000 டன் கூட்டைக் கையாளும் திறன் அதற்கு. அதே 1981-இல் அமெரிக்கா, தன் மருந்து ஆலைகள் வாங்கும் அபின்வழி மூலப்பொருளில் 80 விழுக்காட்டை மரபான இரு நாடுகளிடமிருந்தே வாங்க வேண்டும் என்று விதி செய்தது. அந்த இரு நாடுகள் இந்தியாவும் துருக்கியும். பத்து ஆண்டுக்கு முன் அழிக்கச் சொன்ன பயிரின் விளைச்சலுக்கு அமெரிக்காவே சந்தை உறுதி தந்தது. சட்டபூர்வமான துருக்கி வயல்களிலிருந்து கடத்தலுக்குக் கசிவு இல்லை என்பது சர்வதேசப் போதைப்பொருள் கட்டுப்பாட்டு வாரியத்தின் தொடர்ந்த மதிப்பீடு. துருக்கி வழியாக ஹெராயின் போவது நிற்கவில்லை, ஆனால் அது கிழக்கே விளைந்த அபின்.

உழவருக்கு எல்லாம் திரும்பக் கிடைத்துவிடவில்லை. இரவு வியாபாரியின் விலை போயிற்று. கூட்டுக்கு ஓஃபிஸ் தரும் விலைதான் விலை. கீறும் வேலை போனதால் அந்தக் கோடை வாரங்களின் உழைப்பு மிஞ்சியது. விதையும் எண்ணெயும் வீட்டுக்குத் திரும்பின.

இன்னொரு முறை நடந்தால்

இதே சூழல் மறுபடி வந்தால் நான் மூன்று இடங்களில் மாற்றுவேன். இழப்பீட்டுப் பேச்சுக்கு முன் ஒரு வீட்டின் ஆண்டுக் கணக்கை எடுத்திருக்க வேண்டும்: அபினால் எவ்வளவு, எண்ணெயால் எவ்வளவு, தீவனத்தால் எவ்வளவு. அப்படி எடுத்திருந்தால் விதையைக் காப்பாற்றும் வழி 1971-லேயே தேடப்பட்டிருக்கும். அடுத்து, தேர்தலைச் சந்திக்காத அரசோடு செய்த ஒப்பந்தத்தை அமெரிக்கா நிலையானது என்று நம்பியது பிழை. தெமிரெலின் மெதுவான குறைப்புக்கு ஆலைக்கான பணத்தைச் சேர்த்திருந்தால் செலவு 35 மில்லியனுக்குள் முடிந்திருக்குமா என்று தெரியாது, ஆனால் 1974 ஜூலை தவிர்க்கப்பட்டிருக்கும். துருக்கிப் பக்கமும் ஒன்று உண்டு. எஜெவித் தடையை நீக்கிய அன்றே கீறாத காய் விதியையும் சேர்த்து அறிவித்திருக்கலாம். இடையில் போன சில மாதங்களில் அமெரிக்க நாடாளுமன்றத்தில் நண்பர்கள் குறைந்தார்கள், அப்போதுதான் சைப்ரஸ் வந்தது.

இந்தியாவில் மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், உத்தரப் பிரதேச வயல்களில் காயைக் கீறும் முறைதான் தொடர்ந்துவந்தது. 2021–22 பருவத்தில் கீறாமல் காயை ஒப்படைக்கும் உரிமங்களும் வழங்கப்பட்டன. இந்தியா வாங்கும் கசகசாவில் நீண்ட காலம் பெரும்பங்கு துருக்கியிலிருந்து வந்தது. அஃபியோனில் வெள்ளையும் ஊதாவுமாகப் பூ உதிர்ந்ததும், காய்களைத் திருப்பிப் பார்த்துக் கீறல் தேடும் ஆட்கள் இன்றும் வயலுக்கு வருகிறார்கள்.